சொன்னது தமிழில், எழுதியது எந்த மொழியில்?

கேள்வி கேட்டவர் தமிழ்நாட்டு மாணவர் போலிருக்கிறது. மூன்று வரிதான் எழுதியிருக்கிறார்: "இலங்கையில் 1987-இலிருந்தே தமிழும் ஆட்சிமொழி என்கிறார்கள். பிறகு மொழிப் பிரச்சினை என்று இன்னும் ஏன் பேசுகிறார்கள்? இரண்டு சமூகமும் ஒருவர் மொழியை ஒருவர் படித்துக்கொண்டால் இன முரண்பாடு தீர்ந்துவிடாதா?"

இதில் இரண்டு கேள்விகள் ஒட்டிக்கொண்டிருக்கின்றன. சட்டத்தில் இருக்கும் உரிமை அலுவலக மேசைக்கு ஏன் வந்து சேரவில்லை என்பது ஒன்று. மொழி புரிந்தால் பகை தீருமா என்பது மற்றது. முதல் கேள்விக்கு என்னால் உறுதியாகப் பதில் சொல்ல முடியும், ஏனென்றால் 27 வருஷம் அந்த மேசைக்குப் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தேன். முதலில் மலையகத்தில், அதாவது தேயிலைத் தோட்டங்கள் உள்ள மலைநாட்டில், அரச மொழிபெயர்ப்பாளர், பிறகு நீதிமன்றத்தில் உரைபெயர்ப்பாளர். (நீதிமன்றத்தில் இந்த வேலைக்கு 'முதலியார்' என்ற பழைய பட்டம் உண்டு. சாதிப் பெயர் என்று நினைத்துவிடாதீர்கள்.) இரண்டாவது கேள்விக்கு நான் சொல்லப்போவது அனுபவமும் வாசிப்பும் கலந்த அபிப்பிராயம். அதை அப்படியே எடுத்துக்கொள்ளுங்கள்.

சட்டம் என்ன சொல்கிறது என்பதில் சந்தேகத்துக்கு இடமில்லை, அச்சில் இருக்கிறது. 1987 நவம்பரில் வந்த 13ஆம் திருத்தம் அரசியலமைப்பின் 18ஆம் உறுப்புரையை மாற்றியது. (ஆட்சிமொழியை எங்கள் சட்டம் 'அரசகரும மொழி' என்று சொல்லும்.) முதல் பந்தி: "இலங்கையின் அரசகரும மொழி சிங்கள மொழியாதல் வேண்டும்." அடுத்தது: "தமிழும் அரசகரும மொழியொன்றாதல் வேண்டும்." அந்த 'உம்'மைக் கவனித்தீர்களா? வீட்டுக் கலியாணத்துக்கு "நீங்க வாங்க" என்று அழைப்பதற்கும் "நீங்களும் வாங்க" என்று அழைப்பதற்கும் உள்ள வித்தியாசம் தமிழ் பேசுகிற எவருக்கும் தெரியும். "சிங்களமும் தமிழும் அரசகரும மொழிகள்" என்று ஒரே வரியில் எழுதியிருக்கலாம். எழுதவில்லை.

ஆனாலும் அதைக் கேலி செய்துவிட்டுப் போவது நியாயமில்லை. அடுத்த வருஷம், 1988 டிசம்பரில் வந்த 16ஆம் திருத்தம் பெரிய விஷயம். வடக்கு, கிழக்கு மாகாணங்களில் நிர்வாகமும் பதிவேடும் தமிழில். மற்ற ஏழு மாகாணங்களிலும் சிங்களத்தில். ஆனால் நாட்டின் எந்த மூலையில் இருப்பவரும் அரச அலுவலகத்துக்குத் தமிழில் எழுதலாம், தமிழில் பதில் கேட்கலாம். யாழ்ப்பாணத்தில் வசிக்கும் சிங்களவருக்கும் இதே உரிமை உண்டு. சிறுபான்மை மொழிக்காரர் கணிசமாக வாழும் பிரதேச செயலகப் பிரிவுகளை இரு மொழிப் பிரிவுகளாக ஜனாதிபதி பிரகடனம் செய்யலாம். 1999-இல் நுவரெலியா, பதுளை மாவட்டங்களில் அப்படித் தொடங்கி, பிறகு நாற்பதுக்கு மேல் போனது. இந்த மொழி உரிமையை ஓர் அதிகாரி மீறினால் நேரே உயர் நீதிமன்றத்துக்கே போகலாம் (இங்கே அதுதான் நாட்டின் மேலான நீதிமன்றம், உங்கள் உச்ச நீதிமன்றம் போல). காகிதத்தில் மட்டும் பார்த்தால், தில்லி அலுவலகத்தில் உங்களுக்குத் தமிழுக்கு இருக்கும் இடத்தைவிட இங்கே எங்களுக்கு இருக்கும் இடம் பெரிது. இதை நான் சொல்லும்போது தமிழ்நாட்டு நண்பர்கள் முகத்தைச் சுளிப்பார்கள், ஆனால் உண்மை.

அப்புறம் எங்கே இடிக்கிறது? அதே காகிதத்திலேயே கொஞ்சம் இடிக்கிறது. எங்கள் பாராளுமன்றச் சட்டம் எதை எடுத்தாலும் கடைசிப் பக்கத்தில் ஒரு பிரிவு இருக்கும்: சிங்கள உரைக்கும் தமிழ் உரைக்கும் இடையே முரண்பாடு வந்தால் சிங்கள உரையே மேலோங்கும். எந்த உரை மேலோங்க வேண்டும் என்பதை ஒவ்வொரு சட்டத்திலும் பாராளுமன்றம் தீர்மானிக்க அரசியலமைப்பு இடம் கொடுத்திருக்கிறது. நடைமுறையில் அந்தப் பிரிவு அச்சுக் கட்டை போலத் திரும்பத் திரும்ப வருகிறது. என் வேலைக் காலத்தில் எத்தனை சட்டத்தின் தமிழ்ப் பிரதியைப் புரட்டியிருப்பேன்! கடைசிப் பக்கத்துக்கு வரும்போதெல்லாம், இதுவரை படித்தது மூலம் இல்லை, நிழல் என்று யாரோ தோளில் தட்டிச் சொல்வது போலிருக்கும்.

இது எங்கிருந்து வந்தது என்பதற்குக் கொஞ்சம் பின்னால் போக வேண்டும். 1956-இல் 33ஆம் இலக்கச் சட்டம் சிங்களத்தை மட்டும் அரசகரும மொழியாக்கியது. ஜூன் 5ஆம் திகதி காலிமுகத் திடலில் சத்தியாக்கிரகம் இருந்த தமிழரசுக் கட்சிக்காரர்கள் அடிவாங்கினார்கள். அடுத்த வருஷம் பிரதமர் பண்டாரநாயக்கவும் தமிழரசுக் கட்சித் தலைவர் செல்வநாயகமும் செய்த ஒப்பந்தம், அதற்கு அடுத்த வருஷம் அது கிழிந்தது, உடனே 1958 கலவரம். இதெல்லாம் பலருக்கும் தெரிந்த கதை. அதே 1958-இல் 'தமிழ் மொழி விசேட ஏற்பாடுகள் சட்டம்' என்று ஒன்று வந்ததைப் பலர் மறந்துவிடுகிறார்கள். தமிழை நியாயமான அளவில் பயன்படுத்த வழிசெய்யும் சட்டம். சட்டம் வந்தது 1958-இல், அதைச் செயல்படுத்தும் ஒழுங்குவிதிகள் வந்ததோ 1966 ஜனவரியில். ஏழு வருஷத்துக்கு மேல்! அந்த ஒழுங்குவிதிகளுக்கு எதிராகக் கொழும்பில் நடந்த ஊர்வலத்தில் பொலிஸ் சுட்டு ஓர் இளம் பிக்கு இறந்தார். உரிமையை எழுதிவைப்பது, நடைமுறைப்படுத்தும் துண்டை மட்டும் இழுத்தடிப்பது, கடைசியில் அதைக் கொடுக்கப்போனால் தெருவில் ரத்தம். இந்த ஒழுங்கு 1987-இல் புதிதாகப் பிறந்ததல்ல.

ஒருவரைப் பற்றி விரிவாகச் சொல்ல வேண்டும். செல்லையா கோடீஸ்வரன், அரசாங்க எழுதுவினைஞர் (குமாஸ்தா). ஆங்கிலக் கல்வியோடு சேவையில் சேர்ந்து, பதவி உயர்வும் பெற்றவர். சிங்களப் பரீட்சையில் தேறாதவர்களுக்குச் சம்பள ஏற்றம் கிடையாது என்று சுற்றுநிருபம் (சுற்றறிக்கை) வந்தது. அவர் பரீட்சைக்குப் போகவில்லை, 1962-இல் ஏற்றம் நிறுத்தப்பட்டது. அவர் வழக்குப் போட்டார். அப்போதைய சோல்பரி அரசியலமைப்பின் 29ஆம் பிரிவு, ஒரு சமூகத்துக்கு மட்டும் பாதகமான சட்டத்தைப் பாராளுமன்றம் செய்ய முடியாது என்றது. ஆகவே 1956-இன் சட்டமே செல்லாது என்பது அவருடைய வாதம். 1964-இல் கொழும்பு மாவட்ட நீதிபதி ஓ. எல். டி கிரெட்சர் அவர் பக்கம் தீர்ப்பளித்தார். யோசித்துப் பாருங்கள், நாட்டையே புரட்டிப்போட்ட சட்டம் செல்லாது என்று ஒரு மாவட்ட நீதிமன்றம் சொல்கிறது! 1967-இல் உயர் நீதிமன்றம் அதைக் கவிழ்த்தது, ஆனால் மொழிக் கேள்விக்குள் நுழையாமல். அரச ஊழியர் சம்பளத்துக்காக முடிமீது, அதாவது அரசின்மீது, வழக்குத் தொடர முடியாது என்று ஒதுங்கிக்கொண்டது. 1969-இல், அன்று எங்களுக்குக் கடைசி மேன்முறையீட்டு நீதிமன்றமாக இருந்த இலண்டன் கோமறைக் கழகம் (பிரிவி கவுன்சில்), வழக்குத் தொடரலாம் என்று சொல்லி, மொழிச் சட்டம் செல்லுமா என்ற கேள்வியைத் தீர்க்கும்படி வழக்கைத் திருப்பி அனுப்பியது. அந்தக் கேள்விக்கு இன்றுவரை பதில் கிடையாது. 1971-இல் கோமறைக் கழகத்துக்கான மேன்முறையீடே ஒழிக்கப்பட்டது. 1972-இல் புதிய அரசியலமைப்பு வந்தது, 29ஆம் பிரிவு போயிற்று, சிங்களத்தின் தனியிடம் அரசியலமைப்புக்குள்ளேயே ஏறி உட்கார்ந்துகொண்டது. ஒரு எழுதுவினைஞரின் வருடாந்தச் சம்பள ஏற்றம், கேட்டால் சின்ன விஷயம். அதைத் தீர்க்கும் நீதிமன்ற வாசல் ஒவ்வொன்றாக மூடிய காலத்தில்தான் யாழ்ப்பாணத்து இளைஞர்கள் வேறு வாசல் தேடத் தொடங்கினார்கள்.

இங்கே நிறுத்திக்கொள்கிறேன், ஏனென்றால் இதற்கு மேல் போனால் உறுதியானது முடிந்து ஊகம் தொடங்கும். 1956-இன் சட்டம்தான் யுத்தத்தைக் கொண்டுவந்தது என்று ஒரே வரியில் சொல்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. குடியேற்றத் திட்டங்கள், 1970களின் தொடக்கத்தில் பல்கலைக்கழக அனுமதிக்கு வந்த தரப்படுத்தல், வேலையில்லாத படித்த பையன்கள், 1983 ஜூலை எல்லாம் சேர்ந்த கயிறு அது. எந்த இழை எவ்வளவு பாரம் தாங்கியது என்று அறிஞர்களே சண்டைபோடுகிறார்கள். மொழிச் சட்டம் அந்தக் கயிற்றின் முதல் முறுக்குகளில் ஒன்று என்பது வரைக்கும் என்னால் தயங்காமல் சொல்ல முடியும்.

சரி, மேசைக்கு வருவோம். மொழிபெயர்ப்பாளர் பற்றாக்குறை என்பது எல்லோரும் சொல்லும் காரணம். அது உண்மை, ஆனால் முழு உண்மையில்லை. பஸ்ஸில் கர்ப்பிணித் தாய்மாருக்கான ஆசனத்துக்கு மேல் "கர்ப்பிணி நாய்மார்களுக்காக" என்று எழுதியிருந்த படத்தை நீங்களும் பார்த்துச் சிரித்திருப்பீர்கள். நான் சிரிக்கவில்லை, ஏனென்றால் அது எப்படி நடக்கிறது என்று தெரியும். மொழிபெயர்ப்பாளர் சரியாகத்தான் எழுதிக் கொடுத்திருப்பார். தமிழ் தெரியாத ஒருவர் அந்தத் தாளைப் பார்த்து எழுத்து எழுத்தாக வரைகிறார். அவர் கண்ணுக்குத் 'த'வும் 'ந'வும் ஒன்று. பிறகு ஒரு மேற்பார்வையாளர், ஒரு பொறியியலாளர், பணம் கொடுக்கும் ஒரு கணக்காளர் என்று அந்தப் பலகை எத்தனை மேசை தாண்டிப் போயிருக்கும். அத்தனை பேரில் ஒருவரும் அதை வாசிக்கவில்லை. மூன்று மொழியில் இருக்க வேண்டும் என்ற விதி நிறைவேறிவிட்டது, படிவத்தில் சரி போட்டாயிற்று. தமிழ் அங்கே வாசிப்பதற்காக இல்லை, இருக்க வேண்டும் என்பதற்காக இருக்கிறது.

இதில் என் பங்கும் உண்டு. நான் இருந்த ஓர் அலுவலகத்தில் தமிழாக்கத்துக்கு வரும் கடிதங்கள் ஒரு கட்டாக என் மேசையில் கிடக்கும். மேலே உள்ளதை எடுத்துச் செய்துகொண்டே போவேன். ஒருநாள் ஒரு முதியவருக்கான காணி விசாரணை அறிவித்தலைத் தமிழாக்கினேன். கையெழுத்துக்கு அனுப்பிய பிறகுதான் உறைத்தது, விசாரணை ஐந்து நாளைக்கு முன்னமே முடிந்துவிட்டது. சிங்களக் கடிதம் அவருக்கு முதலிலேயே போயிருந்தது. அவர் அதை மடித்து வேட்டி முடிச்சில் வைத்துக்கொண்டு, தமிழ்க் கடிதம் வரும் என்று காத்திருந்திருக்கிறார். "ரெண்டாவது காயிதம் வரும்னு சொன்னாங்க ஐயா" என்றார். தமிழில் பதில் பெறும் உரிமை அவருக்கு இருந்தது, அது நிறைவேறவும் செய்தது. காணி போயிற்று.

ஆனால் கடிதம், பலகை எல்லாம் இரண்டாம் பட்சம். மூலப் பதிவு எந்த மொழியில் எழுதப்படுகிறது என்பதுதான் முழுப் பிரச்சினையின் மையம் என்று நான் நினைக்கிறேன். பொலிஸ் நிலையத்து முறைப்பாட்டுப் புத்தகத்தை (புகார்ப் புத்தகத்தை) எடுத்துக்கொள்ளுங்கள்.

ஒரு தோட்டத்துப் பெண் வருகிறார். பீலிக்கரையில் (தோட்டத்துக் குழாயடியில்) தண்ணீர்ச் சண்டை, பக்கத்து லயத்து (தொழிலாளர் வரிசை வீட்டு) பையன் விறகுக் கட்டையோடு பாய்ந்திருக்கிறான். மேசையில் இருக்கும் உத்தியோகத்தர் நல்ல மனுஷன், சந்தைத் தமிழ் பேசுவார். "சொல்லுங்க அம்மா" என்று கதிரை காட்டுகிறார். அவர் தமிழில் சொல்லச் சொல்ல இவர் சிங்களத்தில் எழுதுகிறார். "அடிக்க வந்தான்" என்று அவர் சொன்னது சிங்களத்தில் 'கஹன்ன ஆவா' என்று வந்திருக்க வேண்டும். வேகத்தில் 'கெஹுவா' என்று விழுந்துவிட்டது, அதாவது அடித்தான். கடைசியில் தமிழில் சுருக்கிச் சொல்லி "சரிதானே?" என்கிறார். "சரிங்க ஐயா." கையெழுத்து. ஒன்றரை வருஷம் கழித்து நீதிமன்றத்தில் நான் நடுவில் நிற்கிறேன். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் கேட்கிறார்: அடித்தான் என்று முறைப்பாடு, காயம் எங்கே, வைத்திய அறிக்கை எங்கே? அந்தப் பெண் சொல்கிறார்: "அடிக்கலைங்க, அடிக்க வந்தான்." அப்படியானால் பொலிஸில் பொய் சொன்னீர்களா? நான் அதையும் மொழிபெயர்க்க வேண்டும். அவர் கையெழுத்துப் போட்ட தாளை அவரே வாசிக்க முடியாது என்று சொல்ல எனக்கு அதிகாரமில்லை, முதலியாரின் வேலை கேட்டதைச் சொல்வது. பையன் விடுதலையானான். அந்த உத்தியோகத்தரிடம் இனத்துவேஷம் துளியும் கிடையாது என்று நான் சத்தியம் செய்யத் தயார். அவருக்குத் தமிழ் பேசத் தெரிந்திருந்தது, எழுதத் தெரியவில்லை.

பீலித் தண்ணீருக்குப் பதில் பயங்கரவாதத் தடைச் சட்டம் என்றால் என்ன ஆகும் என்பதற்கு சிங்கராசா வழக்கு இருக்கிறது. 1979-இன் அந்தச் சட்டம், உதவிப் பொலிஸ் அத்தியட்சகர் தரத்துக்குக் குறையாத அதிகாரியிடம் கொடுத்த குற்ற ஒப்புதல் வாக்குமூலத்தைச் சான்றாக ஏற்கிறது. அது வலுக்கட்டாயமாகப் பெறப்பட்டது என்றால் அதை நிரூபிக்க வேண்டியவர் கைதி. 1993-இல் கிழக்கில் கைதான ஒரு தமிழ்க் கூலித் தொழிலாளியின் வாக்குமூலம் சிங்களத்தில் பதிவானது, மொழிபெயர்த்தவர் ஒரு பொலிஸ் கான்ஸ்டபிள், கைதி வைத்தது கைநாட்டு. 1995-இல் 50 ஆண்டுச் சிறை, மேன்முறையீட்டில் 35 ஆனது. 2004-இல் ஐ.நா. மனித உரிமைக் குழு, நியாயமான விசாரணைக்கான உரிமை மீறப்பட்டது என்றும், சுதந்திரமான மொழிபெயர்ப்பாளர் இல்லாமல் பெற்ற ஒப்புதலைக் கைதியே பொய்யென நிரூபிக்கச் சொல்வது தவறு என்றும் முடிவு செய்தது. 2006-இல் எங்கள் உயர் நீதிமன்றம், அந்தக் குழுவின் முடிவுக்கு இங்கே சட்டப் பெறுமதி இல்லை என்று மறுத்துவிட்டது. சித்திரவதை நடந்ததா என்பதில் இரு தரப்பும் இரு கதை சொல்லலாம். ஆனால் அவர் கைநாட்டு வைத்த தாளை அவரால் வாசித்திருக்க முடியாது என்பதில் ஒரே கதைதான்.

இனி இரண்டாவது கேள்வி, ஒருவர் மொழியை ஒருவர் படித்தால் பகை தீருமா? நல்ல மனசோடு கேட்ட கேள்வி, ஆனால் சரித்திரம் அவ்வளவு ஒத்துழைக்கவில்லை. 1990 அக்டோபரில் புலிகள் வடமாகாணத்திலிருந்து முஸ்லிம்கள் அத்தனை பேரையும் வெளியேற்றினார்கள். யாழ்ப்பாணத்தில் கொடுத்த அவகாசம் இரண்டு மணித்தியாலம். அந்த முஸ்லிம்களின் தாய்மொழி என்ன? தமிழ். 1987-89 காலத்தில் தெற்கில் ஜே.வி.பி. என்ற சிங்கள இடதுசாரிக் கட்சியின் கிளர்ச்சியிலும் அதை அடக்கியதிலும் ஆயிரக்கணக்கில் செத்தவர்களும் கொன்றவர்களும் பேசியது ஒரே சிங்களம். வெளியே போனால் ருவாண்டாவில் ஹூட்டுவும் டுட்சியும் ஒரே கிஞருவாண்டா மொழிக்காரர். புரியாததால் கொல்கிறார்கள் என்பது ஆறுதலான நினைப்பு, அவ்வளவுதான்.

1983 ஜூலையைக் கொழும்பில் கடந்தவர்கள் ஒன்று சொல்வார்கள். தெருவில் வாகனத்தை மறித்த கும்பல், சிங்களத்தில் வாளியைக் குறிக்கும் 'பால்திய' என்ற சொல்லைச் சொல்லச் சொன்னதாம். முதல் எழுத்தைச் சிங்களவர் மாதிரி கனமாக ஒலிக்காத நாக்கு மாட்டிக்கொண்டது. சிங்களம் சரளமாகத் தெரிந்த தமிழர் சிலர் அப்படித் தப்பினார்கள். மொழியறிவு அவர்களைக் காப்பாற்றியது, ஆனால் யார் என்பதை மறைக்க உதவியதால்தான் காப்பாற்றியது. இதை நல்லிணக்கம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

அதனால் மொழி படிப்பது வீண் என்று சொல்கிறேனா? இல்லை. நானே வருஷக்கணக்கில் மாலை வகுப்பில் சிங்கள உத்தியோகத்தர்களுக்குத் தமிழ் சொல்லிக்கொடுத்தவன். 2007-இல் வந்த 7ஆம் இலக்கப் பொது நிர்வாகச் சுற்றுநிருபம், புதிதாகச் சேரும் அரச உத்தியோகத்தர் ஐந்து வருஷத்துக்குள் இரண்டாவது அரசகரும மொழியில் தேற வேண்டும் என்றது. வகுப்புக்கு வந்தவர்களில் பாதிப் பேர் கொடுப்பனவுக்கும் பதவி உறுதிக்கும் வந்தவர்கள். அதில் தவறு ஒன்றுமில்லை, நான் ஆங்கிலம் படித்ததும் வேலைக்குத்தான். எனக்கு இருந்த குறை வேறு. பாடத்தில் பேச்சுக்குத்தான் முதலிடம்: "வணக்கம், உங்கள் பெயர் என்ன, சுகமா?" அரசாங்கம் நடப்பதோ எழுத்தில். ஒரு வாக்குமூலத்தை, ஒரு பிறப்புப் பதிவை, ஒரு காணி விசாரணைக் குறிப்பைத் தமிழில் எழுதத் தெரிந்த நூறு பேர், சுகம் விசாரிக்கத் தெரிந்த ஆயிரம் பேரைவிடப் பிரயோசனம். யுத்தத்துக்குப் பிறகு அரசு அமைத்த கற்றுக்கொண்ட பாடங்கள் மற்றும் நல்லிணக்க ஆணைக்குழுவும் 2011 அறிக்கையில் இதற்குக் கிட்டத்தான் வந்தது: பொலிஸ் நிலையங்களில் 24 மணி நேரமும் இரு மொழி தெரிந்த உத்தியோகத்தர் வேண்டும், முறைப்பாடு செய்பவர் தான் விரும்பும் மொழியில் வாக்குமூலம் பதியக் கேட்கும் உரிமை வேண்டும் என்றது. அறிக்கையின் மற்றப் பகுதிகளோடு எனக்குச் சண்டை உண்டு, இந்த வரியோடு இல்லை.

தேசிய கீதம் பற்றியும் யாராவது கேட்பீர்கள். 2016-இல் சுதந்திர தினத்தில் தமிழிலும் பாடினார்கள், 2020-இல் நிறுத்தினார்கள். பாடியபோது மகிழ்ந்தேன், நிறுத்தியபோது வலித்தது. ஆனால் எனக்கு ஒரு தெரிவு கொடுத்தால் முறைப்பாட்டுப் புத்தகத்தைத்தான் கேட்பேன்.

இலங்கையில் இருந்துகொண்டு இதை வாசிப்பவர்களுக்கு நடைமுறையாக ஒன்றிரண்டு. உங்களுக்கு வாசிக்கத் தெரியாத மொழியில் உள்ள தாளில் கையொப்பம் கேட்டால், தமிழில் பதியும்படி முதலில் கேளுங்கள். முடியாது என்றால், கையொப்பத்துக்கு மேலே உங்கள் கையாலேயே "இது சிங்களத்தில் எழுதப்பட்டது, எனக்கு வாய்மொழியாகத் தமிழில் சொல்லப்பட்டது" என்று ஒரு வரி எழுதுங்கள். அந்த ஒரு வரி பிறகு முதலியாருக்கும் வழக்கறிஞருக்கும் எவ்வளவு உதவும் என்று சொல்லி முடியாது. 1991-இன் சட்டப்படி அமைந்த அரசகரும மொழிகள் ஆணைக்குழுவுக்கு முறையிடலாம். ஆனால் அது விசாரித்துச் சிபாரிசு செய்யும் இடம், உடனே தண்டிக்கும் இடமல்ல. மொழி உரிமை மீறலுக்கு உயர் நீதிமன்றம் போவதென்றால் ஒரு மாதத்துக்குள் மனுப் போட வேண்டும். பண்டாரவளைத் தோட்டத்திலிருந்து ஒருவர் ஒரு மாதத்துக்குள் கொழும்பில் வழக்கறிஞர் பிடிப்பது லேசான காரியமா என்று கேட்காதீர்கள், லேசில்லை. அந்த மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாட்டைக் கொடுத்துவிட்டால், அங்கே விசாரணை நடக்கும் காலம் அந்தக் கணக்கில் சேராது என்பது பலருக்குத் தெரியாத வழி. திட்டமான ஆலோசனைக்கு ஒரு சட்டத்தரணியைப் பாருங்கள், நான் மொழிபெயர்ப்பாளன் மட்டும்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். நான் பார்த்தது மலையகமும் நீதிமன்றமும். வடக்கில் நான் வேலை செய்ததில்லை. யுத்தத்தில் பிள்ளைகளைத் தொலைத்த தாய்மாரிடம் போய் முறைப்பாட்டுப் புத்தகத்தின் மொழியைப் பற்றிப் பேச எனக்கு அருகதையில்லை. அவர்களுடைய கேள்வி வேறு, அதற்கு இந்தப் பதில் பதிலாகாது.

ஓய்வு பெறுவதற்கு முந்தின வருஷம் ஒரு வழக்கு வந்தது. முறைப்பாட்டின் பிரதியைக் கையில் எடுத்தால், தமிழ்! எழுதியவர் ஒரு சிங்கள சார்ஜன். எழுத்து ஒன்றாம் வகுப்புப் பிள்ளையின் எழுத்து போலப் பெரிது பெரிதாக, வரி மேலும் கீழும் அலைந்தது. மூன்று இடத்தில் 'ந' அடிக்கப்பட்டு மேலே 'த' எழுதியிருந்தது. நண்ணீர், தண்ணீர். நோட்டம், தோட்டம். அடித்துத் திருத்தியது வேறு பேனா, வேறு கை. முறைப்பாடு செய்த பெண் எட்டாம் வகுப்பு வரை படித்தவர். சார்ஜன் எழுதி முடித்துத் தாளை அவர் பக்கம் திருப்பி, வாசித்துப் பார்க்கச் சொல்லியிருக்கிறார். இவர் சிரிப்பை அடக்கிக்கொண்டு பேனாவைக் கேட்டு வாங்கித் திருத்தியிருக்கிறார். ஒவ்வொரு திருத்தத்துக்குப் பக்கத்திலும் சின்னதாக அவருடைய சுருக்கொப்பம். குறுக்கு விசாரணையில் அந்தத் தாளை அவரிடமே நீட்டினார்கள். அவர் வாங்கி, ஒவ்வொரு வரியாக விரலை ஓட்டி வாசித்துவிட்டு, "ஆமாங்க, இது நான் சொன்னதுதான்" என்றார். அன்று என் மொழிபெயர்ப்பு தேவைப்பட்டது நீதவானுக்கு மட்டும்.